பெயர் எழுதி அனுப்பிய பொங்கல் சீர்

என் அன்பு அண்ணாவுக்கு,

உங்கள் பெயரை எழுதத்தான் பேனாவை எடுத்தேன். முதல் எழுத்தைப் போட்டுவிட்டு அடித்துவிட்டேன். சங்கத்துப் பொங்கல் மலரில் வரப்போகிற கடிதம் இது, யார் கையில் போய்ச் சேருமோ, யார் கண்டது? அதனால் வெறும் அண்ணா. கோபித்துக்கொள்ளாதீர்கள். நீங்கள் இருந்தபோதும் நான் உங்களைப் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லையே.

மற்றவர்களையும் நீங்கள் வைத்த பட்டப்பெயரிலேயே எழுதுகிறேன். முறுக்கு ஆன்ட்டி, சட்டசபை, வயர். ஆளுக்கொரு பெயர் வைத்து நீங்கள் கூப்பிட்டபோது குசும்பு பிடித்த மனுஷன் என்று எல்லோரும் சிரித்தோம். ரங்கூனில் உங்கள் பாட்டுக் குழுவில் ஒருவர் பெயரை ஒருவர் வெளியில் சொல்வதே கிடையாது, ராணுவத்துக்காரர்கள் காதில் விழக்கூடாது என்று பட்டப்பெயரிலேயே பேசிப் பழகியவர் நீங்கள் என்பது எங்களுக்குப் பிறகல்லவா தெரிந்தது. எனக்கு வைத்த பெயர் வாயாடி. அதில் ரகசியம் ஒன்றும் இல்லை, உள்ளதைத்தான் வைத்தீர்கள்.

இங்கே நியூஜெர்சியில் பனி வழக்கம்போலத்தான். இந்த வருஷப் பொங்கல் விழாவுக்கும் அதே ஹைஸ்கூல் ஆடிட்டோரியம், அதே அலுமினியத் தட்டில் அதே ஆறிப்போன சாம்பார். இரண்டாயிரம் பிறந்தால் கம்ப்யூட்டர் எல்லாம் நின்றுவிடும் என்று உங்கள் மாப்பிள்ளை, அதாவது என் வீட்டுக்காரர், ஒரு வருஷம் மூச்சுவிட நேரமில்லாமல் ஓடினாரே, ஒன்றும் நிற்கவில்லை. நீங்கள் வேலை பார்த்த வீடியோ கடையில் இப்போது டிவிடி வந்துவிட்டது. ஊரில் எடுத்த கல்யாணக் கேசட் அமெரிக்க டிவியில் ஓடாது என்று தூக்கிக்கொண்டு வருகிறவர்களும் குறைந்துவிட்டார்கள்.

அப்படி ஒரு கேசட்டை மாற்றிக் கொடுக்கச் சொல்லித்தான் நானும் முதன்முதலில் உங்களிடம் வந்தேன். "சொன்ன தேதிக்குக் குடுக்க முடியாதுன்னா முன்னாடியே சொல்லோணுமுங், சும்மா அலைய வெக்கறீங்க" என்று நான் எங்கள் ஊர் கோபி பாஷையில் சத்தம் போட, நீங்கள் கோபப்படாமல் என்னையே பார்த்தீர்கள். "எனக்கு ரங்கூன்ல ஒரு தங்கை இருக்கு மா. அதுவும் இப்படித்தான் கடைக்காரனை அதட்டும்" என்றீர்கள். அந்தப் பொங்கலுக்கு எங்கள் வீட்டு வாசலில் கரும்பும் மஞ்சள் கொத்தும் ஒரு சேலையும் வைத்துக்கொண்டு நின்றீர்கள். அண்ணன் தங்கைக்குப் பொங்கல் சீர் தருவது எங்கள் பக்கத்து வழக்கம் என்று யாரிடமோ கேட்டுத் தெரிந்துகொண்டு வந்திருக்கிறீர்கள். கூடப் பிறந்தவளுக்குக் கொடுக்க முடியாததை எனக்குக் கொடுக்கிறீர்கள் என்று எனக்குத் தெரியும். வாங்கிக்கொண்டேன், வருஷா வருஷம்.

மலரைப் படிப்பவர்களில் பாதிப் பேருக்கு உங்கள் கதை தெரியாது. உங்களுக்குத் தெரிந்ததையே திரும்பச் சொல்கிறாளே என்று கொட்டாவி விடாமல் கொஞ்சம் பொறுத்துக்கொள்ளுங்கள்.

எல்லாம் ஒரு பாட்டால் வந்தது, பர்மிய மொழியில் நீங்கள் கட்டிய பாட்டு. ரங்கூனில் எந்தப் பாட்டையும் கேசட்டாகப் போட்டு விற்பதற்கு முன்னால் வரிகளை டைப் செய்து, பாடிய கேசட்டோடு தணிக்கை ஆபீசில் கொடுக்க வேண்டும் என்றீர்கள். விடியல் என்று எழுதினால் என்ன விடியல் என்பார்களாம். புயல் என்று எழுதினால் யாரைச் சொல்கிறாய் என்பார்களாம். உங்கள் பாட்டில் ஒரு பிள்ளை தன் அம்மாவைக் கதவைத் திறக்கச் சொல்கிறான். அவ்வளவுதான். மேஜைக்கு அந்தப் பக்கம் இருந்த ஆபீசர் டீ வரவழைத்துக் கொடுத்துவிட்டு, இந்த அம்மா யார் என்று கேட்டாராம். எங்கம்மாதான் சார் என்றிருக்கிறீர்கள். "உங்கம்மா வீட்டுக் கதவை யார் பூட்டினது?" என்று அடுத்த கேள்வி. அந்த ஊரில் ராணுவம் வீட்டுக்குள்ளேயே பூட்டி வைத்த ஒரு பெண்மணியை எல்லோருக்கும் தெரியும், பெயரை மட்டும் யாரும் வாய்விட்டுச் சொல்வதில்லை. நீங்கள் டீயைக் குடித்து முடித்தீர்களாம்.

கதவைத் திறக்கச் சொல்லும் அந்த ஒரு வரியை மட்டும் எடுத்துவிடு என்றார்கள். மறுபடி பாடிப் பதிவு செய்ய வசதி இல்லை. வரி இருந்த இடத்தில் குரலை மட்டும் அழித்துவிட்டுக் கீபோர்டை அப்படியே விட்டுவிட்டீர்கள். அதுதான் வினையாகிப் போயிற்று. மேடையில் முழுப் பாட்டையும் முன்பே கேட்டிருந்தவர்கள், டீக்கடையில் அந்தக் கேசட் ஓடும்போது குரல் இல்லாத இடம் வந்ததும் தாங்களே அந்த வரியைப் பாட ஆரம்பித்தார்கள். "அழிக்காம விட்டிருந்தா ஒரு மழைக்காலத்தில மறந்திருப்பாங்க, வாயாடி" என்று சிரித்துக்கொண்டே சொன்னீர்கள். பிறகு உங்கள் டிரம்ஸ்காரரைக் கூட்டிப் போனார்கள். விசாரித்துவிட்டு அனுப்புகிறோம் என்றார்களாம். அனுப்பவில்லை. அவர் கதை வரும்போது மட்டும் நீங்கள் சிரிக்க மாட்டீர்கள்.

நீங்கள் எல்லை தாண்டி வந்து, எங்கெங்கோ சுற்றி, இங்கே அடைக்கலம் கேட்டு நின்றீர்கள். உங்கள் தங்கை அங்கேயே தங்கிவிட்டாள். வீட்டைச் சோதனை போட வந்த ராணுவத்துக்காரர்களிடம், அண்ணனோடு எனக்கு ஒட்டும் இல்லை உறவும் இல்லை, அவன் பாட்டு ஒன்றுகூட என் வீட்டில் கிடையாது என்று சொல்லித் தப்பித்திருக்கிறாள். நினைத்தபோது வருவார்களாம், பீரோவைத் திறப்பார்களாம், போவார்களாம். பக்கத்தில் ஒரு மருந்துக் கடையில் அவள் மாத்திரை வாங்குவதுபோல் நிற்கும் நேரம் பார்த்து நீங்கள் போன் போடுவீர்கள். மதராஸ் மாமா பேசுவதாகப் பேச்சு. உங்கள் பெயர் அவள் வாயில் வராது, அவள் பெயர் உங்கள் வாயில் வராது. அந்தப் போன் பேசிவிட்டு வருகிற அன்றைக்கு மட்டும் உங்கள் முகத்தைப் பார்க்க வேண்டுமே!

இந்த இடத்தில் அவளைப் பற்றி இன்னும் கொஞ்சம் எழுதியிருந்தேன். என்ன வேலை செய்கிறாள், எத்தனை குழந்தைகள் என்றெல்லாம். திரும்பப் படித்துப் பார்த்து எடுத்துவிட்டேன். மருந்துக் கடை என்று எழுதியிருக்கிறேனே, அதுவும் மருந்துக் கடை இல்லை.

இங்கே நீங்கள் பாடிய அந்தப் பொங்கல் விழா உங்களுக்கு மறந்திருக்காது. சங்கத்துச் செகரட்டரி, உங்கள் சட்டசபை, எங்கள் கிச்சனில் உட்கார்ந்துகொண்டு நிகழ்ச்சி நிரல் போட்டுக்கொண்டிருந்தார். நீங்களும் ஒரு பாட்டுப் பாடுங்கள் என்றார். சொன்ன வாயோடு, "தப்பா எடுத்துக்காதீங்க சார், லிரிக்ஸ் மட்டும் முன்னாடியே கமிட்டிக்குக் குடுத்துடணும். போன வருஷம் ஒரு பையன் பாடின சினிமாப் பாட்டைக் கேட்டுப் பெரியவங்க பாதிப் பேரு எந்திரிச்சுப் போயிட்டாங்க" என்றார்.

உங்கள் முகம் வெளுத்துவிட்டது. "எத்தனை காப்பி?" என்றீர்கள்.

"ஒண்ணு போதும் சார்."

"அர்த்தமும் எழுதணுமா?"

சட்டசபைக்கு ஒன்றும் புரியவில்லை, பாவம். எனக்குத்தான் பற்றிக்கொண்டு வந்தது. "ஏனுங், பாட்டுக்குப் பாஸ்போர்ட் கேக்கறீங்களா? இவுரு எங்கிருந்து வந்திருக்காருன்னு தெரியாதுங்களா உங்களுக்கு?" என்று கத்தினேன். அவர் எழுந்தே விட்டார். நீங்கள்தான் அவர் கையைப் பிடித்து உட்கார வைத்தீர்கள். "குடுக்கறேன் சார். பாடறேன். முழுசாப் பாடறேன். வீடியோ எடுக்கக்கூடாது, பேரை அறிவிக்கக்கூடாது. அவ்வளவுதான்." சரி சரி என்று சட்டசபை தலையாட்டினார்.

பாடினீர்கள். யாருக்கும் ஒரு வார்த்தை புரியவில்லை. குழந்தைகள் நாற்காலிக்கு நடுவில் ஓடின. அந்த வரிக்குக் கொஞ்சம் முன்னால், பார்க்கிங்கில் ஒரு பச்சை வேனுக்கு லைட் எரிகிறது என்று ஒருவர் வந்து உரக்கச் சொல்லிவிட்டுப் போனார். நீங்கள் கண்ணை மூடிக்கொண்டு அந்த வரியைப் பாடிவிட்டு, மறுபடியும் ஒரு தடவை பாடினீர்கள். இறங்கி வந்தபோது சட்டையெல்லாம் வேர்வை. "பாடிட்டேன் மா" என்றீர்கள். முன்வரிசையில், விழாவுக்கு விழா முறுக்கு சுட்டு வருகிற நம் மாம்பலத்து முறுக்கு ஆன்ட்டி மூக்கைச் சிந்திக்கொண்டிருந்தார். சந்தோஷமான நாள் அண்ணா அது. அதற்குப் பிறகு அப்படி ஒரு நாள் நமக்கு வரவில்லை.

வீடியோ எடுக்கவில்லைதான். சவுண்ட் சிஸ்டம் பார்க்கிற நம் வயர், எந்த நிகழ்ச்சியானாலும் மிக்ஸரில் ஒரு கேசட்டைப் போட்டு ஓடவிட்டுவிடுவார், அது அவர் கைப்பழக்கம். யாரும் அவரிடம் ஆடியோ கூடாது என்று சொல்லவில்லை. ஆன்ட்டி போய்க் கேட்டதும் ஒரு காப்பி போட்டுக் கொடுத்துவிட்டார்.

பனி உருகின பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை. பிரிட்ஜ்வாட்டர் கோயில் கேன்டீனில் நாம் தோசை சாப்பிட்டுக்கொண்டிருந்தோம். ஆன்ட்டி சிரிப்பும் பூரிப்புமாக வந்து எதிரில் உட்கார்ந்தார்.

"ஏம்ப்பா, உன் தங்கச்சிக்கு ஒரு சர்ப்ரைஸ் பண்ணிட்டேன் தெரியுமோ?"

நீங்கள் நிமிர்ந்து பார்த்தீர்கள்.

"வருஷா வருஷம் இவளுக்குக் கரும்பு வாங்கிக் குடுக்கறே, சேலை வாங்கிக் குடுக்கறே. கூடப் பொறந்தவளுக்கு என்ன செஞ்சே? மனசு கேக்கலை எனக்கு. அதான் உன் பாட்டுக் கேசட், ஒரு புடவை, பாதாம், விட்டமின் மாத்திரை எல்லாம் வெச்சுக் கட்டி, மெட்ராஸ் போறவா கையில குடுத்து அனுப்பிச்சுட்டேன். அங்க என் ஒண்ணுவிட்ட தம்பிக்கு ரங்கூன் வியாபாரி ஒருத்தரைத் தெரியும். அவருக்கு உங்க குடும்பத்தையே தெரியுமாம்! கேசட் மேல நானே முத்து முத்தா எழுதினேன். தங்கைக்குப் பொங்கல் சீர், அன்புடன் அண்ணன்னு போட்டு, உன் பேரு, உங்கப்பா பேரு, எல்லாம்."

ஊருக்குப் போகிறவர் பெட்டியில் ஒரு பொட்டலத்தைத் திணித்துவிடுவது நம்மவர்கள் எல்லோரும் செய்வதுதானே. மாமியாருக்கு மாத்திரை, மச்சினனுக்கு ஷேவிங் கிரீம் என்று நானும் எத்தனையோ அனுப்பியிருக்கிறேன். அந்தப் பெட்டியில் இப்படி ஒன்று போகும் என்று யார் நினைத்தது?

ஆன்ட்டியின் தலையில் அந்தச் சாம்பாரைக் கவிழ்த்திருப்பேன் நான். நீங்கள் தோசைத் துண்டைத் தட்டில் வைத்துவிட்டு, "உங்களுக்கு ரொம்ப நல்ல மனசு ஆன்ட்டி" என்றீர்கள். அவர் கண் கலங்கி உங்கள் தலையைத் தொட்டார். காரில் ஏறின பிறகு உங்களால் சீட் பெல்ட்டை மாட்ட முடியவில்லை. நான்தான் மாட்டிவிட்டேன். "அவ இல்லேன்னு சொன்னா மா. என் பாட்டு வீட்டில இல்லேன்னு சொன்னா" என்று அதையே திரும்பத் திரும்பச் சொன்னீர்கள்.

வீட்டுக்கு வந்து மெட்ராசுக்குப் போன் போட்டோம். பொட்டலம் வியாபாரி கைக்குப் போய்விட்டது, வியாபாரி கப்பலேறியாகிவிட்டது. மருந்துக் கடைக்குப் போன் போட்டீர்கள். அடித்துக்கொண்டே இருந்தது. மறுநாளும், அடுத்த வாரமும், கோடை முழுவதும். கடையில் வேலை முடிந்ததும் நேரே எங்கள் வீட்டுக்கு வந்து போன் பக்கத்தில் உட்கார்ந்துவிடுவீர்கள். கீபோர்டைத் தொடவில்லை. "தைரியமா இருங்கண்ணா, ஒண்ணும் ஆகியிருக்காது" என்று நான் சொல்லும்போதெல்லாம் எனக்கே என் குரல் பிடிக்கவில்லை. ஒருநாள் என்னைப் பார்த்து, "நான் அன்னைக்குப் பாடாம இருந்திருக்கணுமோ?" என்று கேட்டீர்கள். நான் மறுபடியும் அந்த நம்பரைப் போட்டு ரிசீவரை உங்கள் கையில் கொடுத்தேன்.

அக்டோபரில் கடையிலேயே நெஞ்சைப் பிடித்துக்கொண்டு சாய்ந்துவிட்டீர்கள். யாரோ ஒருவர் வீட்டுக் கல்யாணக் கேசட் அப்போதும் ஓடிக்கொண்டே இருந்ததாம். ஆஸ்பத்திரிக்கு உங்கள் மாப்பிள்ளை போய்ச் சேர்வதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. இங்கே தகனத்துக்குக் கொள்ளி கிடையாதே, ஒரு பட்டன்தான். அதையும் அவர்தான் அழுத்தினார், அழுத்திவிட்டு அங்கேயே சுவரில் சாய்ந்துகொண்டு குழந்தை மாதிரி அழுதார். ஃப்யூனரல் ஹோம்காரர் பேப்பரில் போட உங்கள் முழுப் பெயர் கேட்டார். வேண்டாம் என்றேன். பேப்பரில் போட்டால்தானே நாலு பேருக்குத் தெரியும் என்றார். அதனால்தான் வேண்டாம் என்றேன். என்னை ஒரு மாதிரி பார்த்தார்.

ஆன்ட்டிக்கு அன்றைக்குத்தான் விஷயத்தைச் சொன்னோம். "நானாடி? நானாடி அனுப்பினேன்?" என்று என் கையைப் பிடித்துக்கொண்டு விடவே இல்லை. உங்கள் மேல் வைத்த பாசத்தில் செய்ததை என்னவென்று திட்டுவது? எனக்கு இருந்த கோபமெல்லாம் எங்கே போயிற்று என்றே தெரியவில்லை.

இனி நான் சொல்லப்போவது உங்களுக்குத் தெரியாத சேதி. போன வருஷம் கோடையில் அந்தக் கேசட் திரும்பி வந்தது.

அதே வழியாகத்தான் வந்தது. வியாபாரியிடமிருந்து ஆன்ட்டியின் தம்பிக்கு, அவரிடமிருந்து ஜெர்சிக்கு வேலைக்கு வந்த ஒரு பையனின் பெட்டியில், பருப்புப் பொடிப் பாக்கெட்டுகளுக்கு நடுவில். சேலை, பாதாம் எதுவும் இல்லை, ஒரு துண்டுக் காகிதம்கூட இல்லை. ரங்கூனில் அவர் தங்கின இடத்தில் யாரோ கொண்டுவந்து கொடுத்து, எங்கிருந்து வந்ததோ அங்கேயே அனுப்பிவிடு என்றார்களாம். யார் என்று கேட்டதற்கு வியாபாரி பேச்சை மாற்றிவிட்டாராம். இனிமேல் ரங்கூன் பக்கமே போவதில்லை என்று தொழிலையே மாற்றிக்கொண்டுவிட்டாராம். கேசட் மேல் ஆன்ட்டி எழுதியிருந்த பெயர்கள் எல்லாம் மையால் அழகாக, கோடு வெளியே போகாமல், கறுப்பாக அழிக்கப்பட்டிருந்தன.

வீட்டில் போட எனக்குத் தைரியம் வரவில்லை. காரில் போட்டேன், மளிகைக் கடைப் பார்க்கிங்கில், கண்ணாடியை ஏற்றிவிட்டு. உங்கள் குரல் வந்ததும் அழுதுவிட்டேன். பச்சை வேன் அறிவிப்புகூட இருந்தது, சிரிப்பும் வந்தது. அப்புறம் அந்த வரி வரவேண்டிய இடம் வந்தது. வரவில்லை. அதன் மேல் வேறு எதையோ பதிவு செய்திருக்கிறார்கள். ஒரு ஃபேன் ஓடுகிற சத்தம். நாற்காலியை இழுக்கிற சத்தம். யாரோ தொண்டையைச் செருமுகிறார்கள். ஓர் ஆண் குரல், மெதுவாக, மரியாதையாக, பர்மிய மொழியில் ஏதோ ஒன்று கேட்கிறது. பதில் இல்லை. அதற்குள் உங்கள் பாட்டு மீண்டும் தொடங்கிவிடுகிறது.

அந்த அறையில் இன்னொருவர் இருந்தாரா அண்ணா? அந்தக் கேள்வி யாரைப் பார்த்துக் கேட்டது? அவளைக் கேட்டதா, இல்லை, கேசட்டைத் திரும்ப வாங்கிக் கேட்கப்போகிற நம்மைக் கேட்டதா? அர்த்தம் எனக்குத் தெரியாது. பர்மியம் தெரிந்தவர் ஒருவரைத் தேடிப் போய்க் கேட்கலாம். அவர் யாரிடம் சொல்வாரோ என்ற பயம். வாயாடி நான், ஆறு மாதமாக ஒரு கேள்வியின் அர்த்தத்தை யாரிடமும் கேட்காமல் உட்கார்ந்திருக்கிறேன்.

ஒரே ஒரு தடவை மனசு கேட்காமல் மருந்துக் கடைக்குப் போன் போட்டுவிட்டேன். முதல் மணியிலேயே எடுத்தார்கள். மதராசிலிருந்து பேசுகிறேன், மாத்திரை வந்துவிட்டதா என்றேன். சுத்தமான இங்கிலீஷில் ஓர் ஆள் ராங் நம்பர் என்றார். நான் வைப்பதற்குள், "வேர் ஆர் யூ ரியலி காலிங் ஃப்ரம், மேடம்?" என்றார், பணிவாக. வைத்துவிட்டேன். அதற்குப் பிறகு நம் வீட்டுப் போன் சில சமயம் அடிக்கிறது, எடுத்தால் யாரும் பேசுவதில்லை. டெலிமார்க்கெட்டிங்காக இருக்கும் என்கிறார் உங்கள் மாப்பிள்ளை. இருக்கும்.

நீங்கள் போய்விட்டது உங்கள் தங்கைக்குத் தெரியுமா என்றுகூட எனக்குத் தெரியாது. சொல்ல ஓர் ஆளை அனுப்பினால் அந்த ஆளே அவளுக்கு எமனாகிவிடுவாரோ என்று பயம். ஒருவேளை மருந்துக் கடை வாசலில் மதராஸ் மாமாவின் போனுக்காக இன்னும் நின்றுகொண்டிருக்கிறாளா? அவள் இருக்கிறாளா?

இதற்கு நடுவில்தான் சட்டசபை ஒரு யோசனையோடு வந்தார். சங்கத்துக்கு வெப்சைட் திறந்திருக்கிறார்கள். அதில் உங்கள் போட்டோ, முழுப் பெயர், ரங்கூன் கதை எல்லாம் போட்டு, வயரிடம் இருக்கிற ஒரிஜினல் கேசட்டிலிருந்து அந்தப் பாட்டையும் ஏற்றிவிடலாமாம். உலகமே கேட்குமாம். விழாவிலும் போடலாமாம்.

"இது அமெரிக்காங்க. இங்க வந்து யாரு நம்மளத் தடுக்கப் போறா? ஒரு கலைஞனுக்கு நாம செய்யற மரியாதைங்க இது" என்றார். அவர் சொன்னதில் ஒரு தப்பும் இல்லை அண்ணா, அதுதான் கொடுமை. கமிட்டி முழுவதும் அவர் பக்கம்.

"மரியாதை நமக்கு. அடி ஆருக்குங்? அவுரு தங்கச்சிக்கு!" என்று நான் மேஜையைத் தட்டினேன். "அவ உசுரோட இருந்தான்னா, இந்தப் பேரு வெளிய வந்த அன்னைக்கு மறுபடியும் பீரோவைத் தொறப்பாங்க. நீங்களா போய் நிப்பீங்க?"

முறுக்கு ஆன்ட்டிதான் எழுந்து, "பேரு வேண்டாம். பேரு எழுதினவ நான். வேண்டாம்" என்றார். சட்டசபை வெப்சைட் யோசனையைக் கைவிட்டுவிட்டார். இந்த மலரை மட்டும் அச்சில் கொடுப்போம், கம்ப்யூட்டரில் ஏற்ற மாட்டோம் என்று எனக்கு வாக்குக் கொடுத்திருக்கிறார். இந்தக் கடிதத்தைப் படித்துவிட்டு ஒரு சொல்லைக்கூட அவர் எடுக்கவில்லை. எடுத்ததெல்லாம் நான்தான்.

வயரிடமிருந்த ஒரிஜினல் கேசட்டை வாங்கி வந்து, டேப்பை உருவி, நானே கத்தரித்தேன். உங்கள் முழுக்குரலும் இருந்த ஒரே கேசட் அது. பார்த்துக்கொண்டே நின்ற என் மகள், "ஸோ தே வின், அம்மா?" என்றாள். அவளுக்குப் பதினாறு வயது, எல்லாவற்றுக்கும் ஆமாம் இல்லை என்று பதில் வேண்டும். நான் டேப்பைக் குப்பைப் பையில் போட்டுக் கட்டினேன். கத்தரிக்கோலை டிராயரில் வைக்கக் கை வரவில்லை. ரங்கூனில் மேஜைக்கு அந்தப் பக்கம் உட்கார்ந்தவர்கள் செய்து முடிக்காததை நியூஜெர்சியில் உங்கள் தங்கை செய்து முடித்துவிட்டேனா அண்ணா? சொல்லுங்கள்.

போன சனிக்கிழமை விழாவுக்கு ஒத்திகை. பெயர் சொல்லாமல், எதுவும் அறிவிக்காமல், உங்கள் மெட்டை மட்டும் கீபோர்டில் வாசிக்கலாம் என்று முடிவு. வயரின் மகள் வாசித்தாள். அந்த வரி வரும் இடம் வந்ததும், பின்வரிசையில் தட்டுகளைத் துடைத்துக்கொண்டிருந்த முறுக்கு ஆன்ட்டி பாட ஆரம்பித்துவிட்டார். பர்மிய வரி அண்ணா! மாம்பலம் உச்சரிப்பில். பொட்டலம் கட்டுவதற்கு முன்னால் அந்தக் கேசட்டைத் தினமும் போட்டுப் போட்டுக் கேட்டிருக்கிறார். அர்த்தம் தெரியாது, ஒரு எழுத்து பிசகவில்லை. நீங்கள் பாடினது மாதிரியே இரண்டாவது தடவையும் பாடினார்.

நான் முதலில் என்ன செய்தேன் தெரியுமா? மிக்ஸர் பக்கம் ஓடிப்போய், பதிவாகும்போது எரியும் சிவப்பு விளக்கு எரிகிறதா என்று பார்த்தேன். எரியவில்லை. வயர் கேசட்டே போடவில்லை. அதற்குப் பிறகுதான் எனக்கு அழுகை வந்தது. திரும்பிப் பார்த்தால் என் மகள் ஆன்ட்டி பக்கத்தில் நின்றுகொண்டு, வாயைப் பார்த்து, அந்த வரியைப் பாடம் செய்துகொண்டிருக்கிறாள். நிறுத்தடி என்று சொல்ல வாய் எடுத்தேன். சொல்லவில்லை. சொல்லியிருக்க வேண்டுமோ?

இந்தப் பொங்கலுக்கும் கரும்பு வாங்கினேன், மஞ்சள் கொத்து வாங்கினேன், அவளுக்கென்று ஒரு சேலை எடுத்தேன். யார் பெட்டியிலும் வைக்கவில்லை, எதன் மேலும் எதுவும் எழுதவில்லை. கரும்பை நாங்கள் தின்றுவிடுவோம். சேலை என் பீரோவில் இருக்கும், போன வருஷத்துச் சேலைக்கு மேல். ஒருநாள் உங்கள் தங்கை என் வாசலில் வந்து நின்று, என் அண்ணன் பெயர் இது என்று அவள் வாயால் சொல்வாள். அன்றைக்கு அத்தனை வருஷத்துச் சீரையும் அவள் கையில் கொடுத்துவிட்டு, உங்கள் பெயரை மலரின் முதல் பக்கத்தில் பெரிதாகப் போடுவேன், தெருத்தெருவாகக் கத்துவேன். இது சத்தியம். அவள் வராவிட்டால், அந்தப் பெயர் என்னோடு பட்டன் அழுத்துகிற இடம் வரைக்கும் வரும், வேறு யாருக்கும் கிடைக்காது. அதுவும் சத்தியம்.

வாயை மூடிக்கொண்டிருக்கிற வாயாடி,
உங்கள் இன்னொரு தங்கை